ப்ரொக்ளெய்ம் என்ற சொல்லை யார், எங்கே பாவிக்கலாம்?

குளக்கட்டு_மாங்குளம் கேட்டது:

எல்லோருக்கும் வணக்கம். எங்கள் கமக்காரர் அமைப்பின் செயலாளர் வேலை இந்தமுறை என் தலையில் வந்திருக்கிறது. பயிர்ச்செய்கைக் கூட்டத்தில் எடுக்கிற முடிவுகளை ஊருக்குத் தமிழில் எழுதி கமநல சேவை நிலையத்திலும் சங்கக்கடையிலும் ஒட்டிவிடுவோம், அதில் ஒரு சிக்கலும் இல்லை. ஆனால் குளத்தின் வாய்க்கால் திருத்த உதவுகிற அமைப்பு ஒன்று, இந்த அறிவித்தலின் ஆங்கிலப் பிரதியும் கோப்புக்கு வேண்டும் என்று கேட்டிருக்கிறது. தண்ணீர் திறக்கிற திகதி, விதைப்பு முடிக்கவேண்டிய கடைசித் திகதி, மாடுகளை வயல்வெளிக்குள் விடாமல் கட்டிவைக்கத் தொடங்கவேண்டிய திகதி, இந்த மூன்றும்தான் அதில் முக்கியம்.

"இத்தால் அறிவிக்கப்படுகிறது" என்ற இடத்துக்கு என்ன வினைச்சொல் போடுவது என்பதில்தான் நிற்கிறேன். கொழும்பில் வேலை செய்கிற மச்சான், ப்ரொக்ளெய்ம் என்று போடு, வர்த்தமானியில் அதுதான் வருகிறது, கடிதத்துக்கு ஒரு கனம் இருக்கும் என்கிறான். அகராதியைத் திறந்தால் ப்ரொக்ளெய்முக்கு அறிவி, சாற்று, பிரகடனம் செய். அனவுன்ஸுக்கும் அறிவி. டிக்ளேருக்கும் அறிவி, பிரகடனம் செய். அப்படியென்றால் எதையும் போடலாமா? தங்கச்சி ஒருத்தி இந்த வருடம் ஓ.எல். எடுக்கிறாள், அவளும் பக்கத்தில் இருந்து இதையே கேட்கிறாள். தெரிந்தவர்கள் உதாரணத்தோடு சொன்னால் இரண்டு பேருக்கும் பிரயோசனம்.

பரந்தன்_ரீச்சர் எழுதியது:

தம்பி, உங்கள் அறிவித்தலுக்கு ப்ரொக்ளெய்ம் வேண்டாம். அதை முதலில் சொல்லிவிட்டுக் காரணத்துக்கு வருகிறேன்.

ப்ரொக்ளெய்ம் லத்தீனில் இருந்து வந்த சொல். ப்ரோ என்றால் முன்னே, வெளியே. க்ளமாரே என்றால் உரத்துக் கூப்பிடுவது. ஆக, சபைக்கு முன்னால் நின்று உரத்துச் சொல்வதுதான் அதன் அடி. க்ளெய்ம், எக்ஸ்க்ளெய்ம் எல்லாம் அதே வேரில் பிறந்தவை. அனவுன்ஸுக்கு வேர் தூதன் என்ற சொல், செய்தி கொண்டுவருகிறவன். டிக்ளேருக்கு வேர் தெளிவு என்ற பொருள் தருகிற சொல், மங்கலாக இருந்ததை இதுதான் என்று தெளிவாக்குவது. வேர் தெரிந்தால் மட்டும் பாவனை வந்துவிடாது, ஆனால் இந்த மூன்றிலும் பழைய வாசனை இன்னும் போகவில்லை, அதனால்தான் பிள்ளைகளுக்கு இதைச் சொல்லிக்கொடுக்கிறேன்.

அனவுன்ஸ் யாரும் செய்யலாம். பஸ் நேரம் மாறுகிறது, கிளினிக் நாளை இல்லை, விளையாட்டுப்போட்டி வெள்ளிக்கிழமை, எல்லாம் அனவுன்ஸ். கேட்கிறவனுக்குத் தெரியாத ஒன்றைத் தெரியப்படுத்துகிறோம், அவ்வளவுதான். டிக்ளேர் என்றால் சொல்கிறவர் அதற்குப் பொறுப்பு ஏற்கிறார். விமான நிலையத்தில் சுங்கத்தில் பொருளை டிக்ளேர் பண்ணுகிறோம், பிரதம விருந்தினர் விளையாட்டுப்போட்டியை ஆரம்பமானதாக டிக்ளேர் பண்ணுகிறார். ப்ரொக்ளெய்ம் இவற்றைவிட உயர்ந்த மேடை. ஒரு நாடு, ஒரு அரசர், ஒரு சனாதிபதி, ஒரு பெரிய சபை எல்லோரும் கேட்க, சடங்கோடு சொல்வது. 1972 மே 22இல் இலங்கை குடியரசானது, அந்த இடத்தில் ப்ரொக்ளெய்ம் வடிவாகப் பொருந்தும். யுனெஸ்கோ 1999 நவம்பரில் பெப்ரவரி 21ஐத் தாய்மொழி நாளாக ஆக்கியது, அதற்கும் அதே சொல்தான்.

தங்கச்சிக்கு ஒரு நல்ல உதாரணம் இருக்கிறது. 1948 டிசம்பர் 10இல் ஐ.நா. பொதுச்சபை ஏற்ற மனித உரிமைப் பிரகடனத்தின் பெயரில் இருப்பது டிக்ளரேஷன். ஆனால் அதன் முகவுரை முடிகிற இடத்தில் பொதுச்சபை இந்த டிக்ளரேஷனை ப்ரொக்ளெய்ம் செய்கிறது என்று வருகிறது. தமிழில் இரண்டுக்கும் பிரகடனம் என்றே போடவேண்டி வரும், அதனால் தமிழ்ப் பிரதியை மட்டும் வைத்துக்கொண்டு வித்தியாசத்தைப் பிடிக்க முடியாது. உள்ளடக்கம் டிக்ளரேஷன், உலகத்துக்கு முன் வைத்த செயல் ப்ரொக்ளெய்ம்.

பழைய_கோப்பு_வவுனியா எழுதியது:

நான் நீதிமன்றப் பதிவகத்தில் கன காலம் வேலை செய்து ஓய்வுபெற்றவன். ரீச்சர் சொன்னது சரி, அதோடு சட்டப் பக்கத்தில் இருந்து கொஞ்சம் சொல்லவேண்டும், ஏனென்றால் மச்சான் வர்த்தமானியைக் காட்டியிருக்கிறார்.

வர்த்தமானியில் வருகிற எல்லாமே ப்ரொக்ளமேஷன் இல்லை. பெரும்பாலானவை வெறும் அறிவித்தல், கட்டளை, ஒழுங்குவிதி. ப்ரொக்ளமேஷன் என்று தலைப்பிட்டு வருவது சனாதிபதியின் கையொப்பத்தோடு வருகிற, சட்டமே அந்தப் பெயரைச் சொல்லிக் கேட்கிற சில விசயங்களுக்குத்தான். அரசியலமைப்பின் 70ஆம் உறுப்புரை பாராளுமன்றத்தைக் கூட்டவும் ஒத்திவைக்கவும் கலைக்கவும் சனாதிபதிக்குப் பிரகடனம் மூலம் அதிகாரம் கொடுக்கிறது. 2018 நவம்பர் 9இல் அப்படி ஒரு பிரகடனம் வந்து பாராளுமன்றம் கலைக்கப்பட்டது, டிசம்பர் 13இல் உயர் நீதிமன்றம் அது செல்லாது என்று தீர்த்தது. பிரகடனம் என்ற தலைப்பு இருந்தால் போதாது, அதைச் செய்ய அந்த ஆளுக்கு அந்த நேரத்தில் அதிகாரம் இருக்கவேண்டும் என்பதற்கு இதைவிடப் பெரிய உதாரணம் நம் காலத்தில் வரவில்லை.

அவசரகாலமும் அப்படித்தான். 1947ஆம் ஆண்டுப் பொதுமக்கள் பாதுகாப்புக் கட்டளைச் சட்டத்தின் இரண்டாம் பாகத்தை நடைமுறைக்குக் கொண்டுவருவது ஒரு பிரகடனம். அதற்கு ஒரே ஒரு மாத ஆயுள், தொடரவேண்டுமானால் மறுபடி பிரகடனம் வேண்டும். 2011 ஆகஸ்டில் நின்றுபோகும்வரை இது மாதாமாதம் நீண்டுகொண்டே போனதை வன்னியில் இருந்த யாருக்கும் நான் விளங்கப்படுத்தத் தேவையில்லை. இதில் கவனிக்கவேண்டியது ஒன்று: ஆங்கிலப் பத்திரிகை எமர்ஜென்சி டிக்ளேர்ட் என்று எழுதும், வர்த்தமானியில் இருப்பது ப்ரொக்ளமேஷன். நடந்தது ஒன்றுதான். பத்திரிகைக்காரர் நடந்ததைச் சொல்கிறார், வர்த்தமானியில் அந்தச் சொல்தான் காரியத்தைச் செய்கிறது.

ரீச்சர் உரத்துச் சொல்வது என்றாரே, அது சட்டத்தில் வெறும் வேர்ப்பொருளாக நின்றுவிடவில்லை. எங்கள் குடியியல் நடவடிக்கைமுறைக் கோவை 1889ஆம் ஆண்டுக் கட்டளைச் சட்டம். கடன் தீர்ப்புக்காக ஒருவரின் காணியைக் கைப்பற்றும்போது பிஸ்கால், அதாவது நீதிமன்றக் கட்டளையை நிறைவேற்றுகிற அலுவலர், அந்த அறிவித்தலை அந்தக் காணியிலோ அதற்கு அருகிலோ பறையடித்து, அல்லது அந்த இடத்து வழக்கப்படி ப்ரொக்ளெய்ம் செய்யவேண்டும் என்றும், பிரதி ஒன்றை எல்லோர் கண்ணிலும் படும்படி ஒட்டவேண்டும் என்றும் அதில் இருக்கிறது. இதே எண்ணம் இந்தியாவின் 1973 குற்றவியல் நடைமுறைச் சட்டத்திலும் இருந்தது. தலைமறைவான ஆளுக்கு எதிரான ப்ரொக்ளமேஷனை அவர் வழக்கமாக இருக்கிற ஊரில் பலர் பார்க்கிற இடத்தில் உரத்து வாசிக்கவேண்டும், அவருடைய வீட்டில் ஒட்டவேண்டும், குறைந்தது முப்பது நாள் அவகாசம் கொடுக்கவேண்டும் என்று 82ஆம் பிரிவு சொன்னது. எழுதி மேசைக்குள் வைத்துவிட்டு ப்ரொக்ளெய்ம் செய்தேன் என்று யாரும் சொல்ல முடியாது. ஊர் கேட்கவேண்டும். ஊருக்குத் தெரியாமல் ஒருவனுடைய காணி போய்விடக்கூடாது என்ற நியாயம் அந்த ஒரு வினைச்சொல்லுக்குள் இருக்கிறது, அதனால்தான் இதை நீட்டி எழுதுகிறேன்.

டிக்ளேர் பற்றியும் ஒரு வரி. சத்தியக்கடதாசி முடித்தவர்களுக்குத் தெரியும், ஆங்கிலப் படிவத்தில் இந்து ஒருவர் சொலம்லி, சின்சியர்லி, ட்ரூலி டிக்ளேர் அண்ட் அஃபேர்ம் என்று தொடங்குவார், கிறிஸ்தவர் ஓத் எடுத்து ஸ்டேட் பண்ணுவார். எந்தச் சாதாரண ஆளும் சமாதான நீதவானுக்கு முன்னால் டிக்ளேர் செய்யலாம். ப்ரொக்ளெய்ம் செய்ய முடியாது.

குளக்கட்டு_மாங்குளம் எழுதியது:

ரீச்சருக்கும் ஐயாவுக்கும் நன்றி. பறையடித்து என்று சட்டத்திலேயே இருப்பது எனக்குப் புதிது. அம்மப்பாவின் காலத்தில் குளத்து வேலைக்கு ஆள் கூப்பிடுவதும் அப்படித்தான் என்று வீட்டில் சொல்வார்கள், இப்போது ஸ்பீக்கர் கட்டின ஓட்டோ.

இன்னும் ஒன்று கேட்கிறேன். 2025 மார்ச் 28இல் வந்த காணி நிர்ணய வர்த்தமானி எங்கள் பக்கத்தில் எல்லோருடைய கையிலும் போனில் சுற்றியது. அதைப் பிரகடனம் என்றுதான் ஆட்கள் கதைத்தார்கள். அது ப்ரொக்ளமேஷனா?

பழைய_கோப்பு_வவுனியா எழுதியது:

இல்லை தம்பி, அது அறிவித்தல், ஆங்கிலத்தில் நோட்டிஸ். காணி நிர்ணயக் கட்டளைச் சட்டத்தின் கீழ் வந்தது. வடக்கில் ஏறத்தாழ 5,940 ஏக்கர், முல்லைத்தீவு, கிளிநொச்சி எல்லாம் உள்ளடங்கும், மூன்று மாதத்துக்குள் யாரும் உரிமைகோராவிட்டால் அரச காணியாகக் கொள்ளப்படும் என்பது அதன் சாரம். எதிர்ப்பு வந்து, வழக்குப் போய், அரசாங்கம் மீளப்பெறுவதாகச் சொன்னது வரைக்கும் எல்லோருக்கும் தெரியும்.

ஆனால் நீங்கள் கேட்டது நல்ல கேள்வி, ஏனென்றால் அதிலே வேறுபாடு உயிரோடு இருக்கிறது. ப்ரொக்ளமேஷன் வந்த கணத்திலேயே ஒன்று மாறிவிட்டது என்று அர்த்தம், பாராளுமன்றம் கலைந்துவிட்டது, அவசரகாலம் வந்துவிட்டது. நோட்டிஸ் வந்தால் உங்களுக்கு இன்னும் நேரம் இருக்கிறது, ஏதோ செய்யச் சொல்கிறது, செய்யாவிட்டால்தான் மாற்றம். இடம்பெயர்ந்து ஆவணம் தொலைந்துபோன சனத்துக்கு மூன்று மாதம் என்பது காணாது, அது வேறு விசயம், அதைப் பற்றி நான் எங்கே வேண்டுமானாலும் கதைப்பேன். ஆனால் வர்த்தமானி ஒன்று கையில் வந்தால் முதலில் வினைச்சொல்லைப் பாருங்கள். நோட்டிஸ் இஸ் ஹியர்பை கிவன் என்று இருந்தால் உடனே திகதியைத் தேடுங்கள், எந்த நாளுக்குள் என்ன செய்யவேண்டும் என்று கட்டாயம் இருக்கும். ஹியர்பை டிக்ளேர் என்று இருந்தால் அது நடந்து முடிந்தது, அதை மாற்றுவதற்கு வேறு வழி பார்க்கவேண்டும். 2015இல் சுண்டிக்குளம் தேசியப் பூங்காவாக ஆக்கப்பட்டதே, அந்த வகைக் கட்டளைகள் எல்லாம் டிக்ளேர் என்ற வினையில்தான் வரும். எல்லைக் குறிப்பை வாசித்து உங்கள் வயல் உள்ளே விழுகிறதா வெளியே விழுகிறதா என்று பார்ப்பது அதற்குப் பிறகு.

மடு_வீதி எழுதியது:

கோயில் பக்கத்தில் இருந்து நானும் சேர்க்கிறேன், ஏனென்றால் ஆங்கிலத்தில் ப்ரொக்ளெய்ம் இன்று அதிகமாகக் காதில் விழுகிற இடம் திருச்சபைதான். ஏசாயா 61ஆம் அதிகாரத்தில் சிறைப்பட்டவர்களுக்கு விடுதலையை அறிவிக்க என்று வருகிற இடத்தில் பழைய ஆங்கில வேதாகமத்திலேயே ப்ரொக்ளெய்ம் லிபர்ட்டி என்றுதான் இருக்கிறது. பூசையில் நற்கருணை மன்றாட்டின் நடுவில் சனம் சொல்கிற வாக்கியத்திலும் உம்முடைய இறப்பை ப்ரொக்ளெய்ம் செய்கிறோம், உயிர்ப்பை ப்ரொஃபெஸ் செய்கிறோம் என்று வரும். தமிழ்ப் பூசையில் அறிக்கையிடுவது, எடுத்துரைப்பது என்று இரண்டு வினைச்சொல் வருகிறதே, அதே இடம்தான். ஆனால் பூசை முடிந்து அனுப்பும்போது சொல்கிற வாக்கியங்களில் ஒன்று, போய் ஆண்டவரின் நற்செய்தியை அனவுன்ஸ் செய்யுங்கள் என்பது. ஆகவே ரீச்சர் சொன்ன ஏணியை அப்படியே கல்லில் வெட்டினது மாதிரி எடுக்கவேண்டாம், திருவழிபாட்டு ஆங்கிலத்தில் அனவுன்ஸும் பெரிய காரியத்துக்கு வரும்.

ஐயா அதிகாரம் வேண்டும் என்றார். நற்செய்தியில் அது கொஞ்சம் வேறு. அங்கே பேசுகிறவருக்கு அரச அதிகாரம் இல்லை, சொல்லப்படுகிற செய்திக்குத்தான் கனம். சாதாரண கிராமத்து உபதேசியாரும் ப்ரொக்ளெய்ம் செய்யலாம்.

போப்பாண்டவர் ஆவணங்களில் எப்படி என்று கேட்டால், ஓகஸ்ட் 15இல் நாங்கள் மடுவில் கொண்டாடுகிற மாதாவின் விண்ணேற்பை 1950 நவம்பர் 1இல் பன்னிரண்டாம் பத்திநாதர் விசுவாசக் கோட்பாடாக ஆக்கியபோது ப்ரொனவுன்ஸ், டிக்ளேர், டிஃபைன் என்று மூன்று வினைச்சொல்லை அடுத்தடுத்துப் போட்டிருக்கிறார். புனிதர் பட்டம் கொடுக்கும்போது டிக்ளேர், டிஃபைன். 2015 சனவரி 14 காலையில் காலிமுகத்திடலில் யோசப் வாஸ் அடிகளுக்கு அதுதான் நடந்தது, அன்று பின்னேரமே போப்பாண்டவர் பிரான்சிஸ் மடுவுக்கு வந்தார். செய்தியில் எழுதுகிறவர்கள் புனிதராக ப்ரொக்ளெய்ம் செய்தார் என்று எழுதுவார்கள், அதுவும் சரியான ஆங்கிலம்தான், ஆனால் சடங்கு வாக்கியத்தில் இருப்பது டிக்ளேர்.

கலியாண அறிவித்தலுக்கு வேறு சொல். கோயிலில் மூன்று ஞாயிறு பெயர் வாசிப்பதை ஆங்கிலத்தில் பான்ஸ் என்பார்கள், வினைச்சொல் பப்ளிஷ். இந்த பான்ஸ் தடை என்ற பொருளில் வருகிற பான் உடன் உறவுள்ளது, பழைய ஆங்கிலத்தில் அதன் பொருளே ஊர் அறியச் சொல்லி அழைப்பது.

ஒட்டுசுட்டான்_வாசகன் எழுதியது:

எல்லாம் சரி, ஆனால் ஒரு விசயத்தில் எனக்கு உடன்பாடு இல்லை. ப்ரொக்ளெய்ம் என்றால் எப்போதும் மரியாதையான, அதிகாரமுள்ள சொல் என்று பிள்ளைகளுக்கு மனதில் பதிந்தால் அவர்கள் பத்திரிகை வாசிக்கும்போது தவறாக விளங்கிக்கொள்வார்கள். செல்ஃப் ப்ரொக்ளெய்ம்ட் என்று ஒருவருக்கு முன்னால் போட்டால், அவர் தன்னைத்தானே அப்படிச் சொல்லிக்கொள்கிறார், மற்றவர்கள் ஏற்கவில்லை என்று அர்த்தம். தான் குற்றமற்றவன் என்று ப்ரொக்ளெய்ம் செய்தான் என்று நிருபர் எழுதினால் அங்கேயும் ஒரு விலகல் இருக்கிறது, அவன் சொல்கிறான், நான் பொறுப்பில்லை என்கிற மாதிரி. உள்ளே க்ளெய்ம் இருக்கிறது அல்லவா, அதை மறக்கக்கூடாது.

அதோடு மனிசர்தான் ப்ரொக்ளெய்ம் செய்யவேண்டும் என்றும் இல்லை. பலகை, கொடி, முகம், உடுப்பு எல்லாம் செய்யும். எங்கள் பக்கத்தில் கற்சிலைமடுவில் வெள்ளைக்காரர் நட்ட கல்லை எடுத்துக்கொள்ளுங்கள். இந்த இடத்தின் அருகே 1803 ஒக்டோபர் 31இல் கப்டன் வொன் ட்ரிபேர்க் பண்டாரவன்னியனைத் தோற்கடித்தார் என்பது அதன் வாசகம். அந்த ஆண்டில் முல்லைத்தீவுக் கோட்டையை வன்னி அரசனான பண்டாரவன்னியன் பிடித்தான் என்பது அந்தக் கல்லில் இல்லை. அந்தக் கல்லைப் பற்றி ஆங்கிலத்தில் எழுதினால் ஸ்டேட்ஸ் என்று போட்டால் வெறும் தகவல், ப்ரொக்ளெய்ம்ஸ் என்று போட்டால் வென்றவன் தன் வெற்றியை ஊருக்குக் கேட்கச் சொல்லி நட்டிருக்கிறான் என்பது தானாக வந்துவிடும். நான் எழுதினால் ப்ரொக்ளெய்ம்ஸ்தான் போடுவேன்.

இன்னொரு சொல்லும் இந்தக் குடும்பத்தில் இருக்கிறது, ஹெரல்ட். முற்காலத்தில் அரசனுக்கு முன்னால் வந்து செய்தி சொல்கிறவனுக்குப் பெயர் அது. வினையாக வந்தால், வரப்போகிற ஒன்றுக்கு இது அடையாளம் என்று பொருள். வற்றாப்பளை கண்ணகை அம்மன் கோயில் வைகாசிப் பொங்கலுக்கு முன்னால் பாக்குத்தெண்டல் என்கிற சடங்கு நடக்கும், பிறகு முல்லைத்தீவுக் கடலில் தீர்த்தம் எடுத்து வந்து அந்த உப்புநீரில் விளக்கெரிப்பார்கள். பொங்கல் திகதியைக் கோயில் நிர்வாகம் அனவுன்ஸ் பண்ணும், ஆனால் பாக்குத்தெண்டல் பொங்கலை ஹெரல்ட் பண்ணும். வெளிநாட்டில் பிறந்த எங்கள் பிள்ளைகளுக்கு இந்தச் சடங்கைப் பற்றி ஆங்கிலத்தில் எழுதவேண்டி வந்தால் இந்தச் சொல் கைகொடுக்கும். பாக்குத்தெண்டல் என்பதை மொழிபெயர்க்காமல் அப்படியே விட்டுவிட்டு ஒரு வரியில் விளக்கம் கொடுங்கள்.

பரந்தன்_ரீச்சர் எழுதியது:

ஒட்டுசுட்டான் வாசகன் சொன்ன கல் உதாரணத்தை என் வகுப்பில் எடுக்கப்போகிறேன், மிகவும் நல்ல உதாரணம். அவர் சொன்ன விலகலும் உண்மைதான், நான் எழுதியதில் அந்தப் பக்கம் வரவில்லை.

இனி தங்கச்சிக்கு இலக்கணம். ப்ரொக்ளெய்முக்குப் பிறகு நேரே ஒரு பெயர்ச்சொல் வரலாம், சுதந்திரத்தை ப்ரொக்ளெய்ம் செய்தார்கள். தட் போட்டு ஒரு முழு வாக்கியம் வரலாம். ஒருவரை இன்னாராக ஆக்குவதாகவும் வரலாம், அவனை அரசனாக ப்ரொக்ளெய்ம் செய்தார்கள், இதில் கிங் என்பதற்கு முன்னால் பெரும்பாலும் ஏ, த இரண்டும் போடுவதில்லை. யாருக்கு என்று சொல்லவேண்டுமானால் டு கட்டாயம், ப்ரொக்ளெய்ம்ட் மீ என்று எழுதினால் என்னை ஏதோவாக ஆக்கினார்கள் என்று வாசகர் காத்திருப்பார். அனவுன்ஸும் அதே மாதிரி, அனவுன்ஸ்ட் அஸ் தட் என்று எங்கள் பிள்ளைகள் நிறைய எழுதுகிறார்கள், அது தமிழில் எங்களுக்கு அறிவித்தார்கள் என்று இருப்பதால் வருகிறது. அஸ் போடவேண்டுமென்றால் டெல் அல்லது இன்ஃபோர்ம் பாவிக்கவேண்டும்.

எழுத்துக் கூட்டலில் ஒரு இடத்தில் புள்ளி போகும். ப்ரொக்ளெய்மில் கடைசி எம்முக்கு முன்னால் ஏயும் ஐயும் சேர்ந்து வரும், ஆனால் ப்ரொக்ளமேஷனில் அந்த ஐ விழுந்துவிடும். எக்ஸ்க்ளெய்ம், எக்ஸ்க்ளமேஷன் அப்படித்தான், ஆச்சரியக்குறிக்கு எழுதுகிற சொல்லை நினைவு வைத்தால் மற்றதும் வரும். உச்சரிக்கும்போது வினையில் க்ளெய்ம் என்ற இடத்தில் அழுத்தம், பெயர்ச்சொல்லில் மே என்ற இடத்துக்கு அழுத்தம் நகரும்.

பரீட்சைப் பெறுபேறு வந்ததற்கும், வான்கதவு திறப்பதற்கும் பிள்ளைகள் இந்தச் சொல்லைப் போடுவதையும் பார்த்திருக்கிறேன். பெறுபேறு ரிலீஸ் பண்ணப்படும். இரணைமடு வான்கதவு திறக்கப்போகிறார்கள், கீழே தாழ்வான பகுதியில் இருக்கிறவர்கள் கவனம் என்பது வோர்னிங், வினையும் வோர்ன்தான். அங்கே அனவுன்ஸ் போட்டால்கூடச் செய்தியின் அவசரம் குறைந்துவிடும்.

குளக்கட்டு_மாங்குளம் எழுதியது:

இவ்வளவும் வாசித்துவிட்டு நான் இப்படி எழுதலாம் என்று நினைக்கிறேன். மேலே தலைப்பு நோட்டிஸ். பிறகு, பயிர்ச்செய்கைக் கூட்டத்தில் பின்வரும் திகதிகள் தீர்மானிக்கப்பட்டன என்று ஒரு வாக்கியம், அதற்கு டிசைடட். பிறகு திகதிகள். கடைசியில் மாட்டுச் சொந்தக்காரர்களுக்கு ஒரு வரி. இதில் இத்தால் அறிவிக்கப்படுகிறது என்பதற்கு ஹியர்பை அனவுன்ஸ் போடவா, அல்லது ஐயா சொன்ன நோட்டிஸ் இஸ் ஹியர்பை கிவன் போடவா? அமைப்பு எடுத்த முடிவு அல்ல இது, மாவட்டச் செயலாளரின் தலைமையில் நடந்த கூட்டத்தின் முடிவு, நாங்கள் ஊருக்குக் கொண்டுபோகிறோம்.

பழைய_கோப்பு_வவுனியா எழுதியது:

நோட்டிஸ் இஸ் ஹியர்பை கிவன் போடுங்கள். நீங்களே சொல்லிவிட்டீர்கள், முடிவு உங்களுடையது இல்லை, கொண்டுபோவதுதான் உங்கள் வேலை, அந்த வாக்கியத்தில் கொடுக்கிறவர் பெயரே வராமல் அறிவித்தல் மட்டும் நிற்கும். ஆனால் அதற்கு மேலே கூட்டம் எந்தத் திகதியில், எங்கே, யாருடைய தலைமையில் நடந்தது என்று கட்டாயம் எழுதுங்கள். பிறகு ஒருகாலம் தண்ணீர்ப் பங்கீட்டில் வழக்கு என்று வந்தால் அந்த ஒரு வரியைத்தான் முதலில் தேடுவார்கள்.

மாட்டு வரியை மட்டும் அறிவித்தலாக எழுதவேண்டாம். அது கட்டளை. சொந்தக்காரர் இன்ன திகதியில் இருந்து கட்டிவைக்க வேண்டும் என்று மஸ்ட் போட்டு எழுதுங்கள். தமிழ்ப் பிரதியில் கட்டிவைக்குமாறு கேட்டுக்கொள்ளப்படுகிறார்கள் என்று இருக்கும், அதை ரிக்வெஸ்ட் என்று மொழிபெயர்த்தால் பயிரை மாடு தின்றபிறகு நட்டஈடு கேட்கப் போகிறவருக்குக் கையில் ஒன்றும் இருக்காது.

பரந்தன்_ரீச்சர் எழுதியது:

ஐயா சொன்ன மஸ்ட் சரி. தம்பி, திகதிகளை எழுதும்போது மாதத்தை எண்ணில் போடாமல் பெயராக எழுதுங்கள், வெளிநாட்டு அமைப்பு என்றால் சிலர் மாதத்தை முதலில் வாசிப்பார்கள், தண்ணீர் திறக்கிற நாளே மாறிப்போகும். எழுதி முடித்ததும் இங்கே போடுங்கள், ஒருமுறை பார்த்துத் தருகிறேன்.